எக்ஸ்ரே பிலிமில் வரைந்த பெருச்சாளி

2023 ஜூலை 11, செவ்வாய்க்கிழமை, காலை 10.40. மூன்று நாளாக விடாமல் பெய்த மழை தணிந்து தூறலாகியிருந்தது. கிழக்கேகோட்டைக்குப் பக்கத்தில் ஒரு கண் மருத்துவமனையின் காத்திருப்புக் கூடத்தில் உட்கார்ந்திருந்தேன். என் டோக்கன் நாற்பத்தேழு. உள்ளே போயிருந்தது முப்பத்தொன்று. இரண்டு கண்ணிலும் மும்மூன்று முறை சொட்டு மருந்து விட்டு, கண்ணை மூடியபடி இருக்க வேண்டும் என்று நர்ஸ் சொல்லிவிட்டுப் போனார். எதிர்ச் சுவரில் டிவி அலறிக்கொண்டிருந்தது. கண்ணை மூடச் சொல்லும் இடத்தில் டிவி எதற்கு என்று யாராவது எனக்கு விளக்க வேண்டும்.

எரிச்சலில் கண்ணைத் திறந்தேன். எல்லாம் புகை மூட்டமாகத் தெரிந்தது. அந்தப் புகைக்குள் ஒரு பெருச்சாளி இரண்டு காலில் நடந்து போனது. பெரிய தொந்தி. மடங்கிய இடது காது. அந்தக் காதில் செருகிய பென்சில். வயிற்றின் குறுக்கே சாம்பல் நிறத்தில் வரிகள். மங்கலிலும் எண்ணிவிட்டேன்: ஐந்து.

பக்கத்திலிருந்த மனைவியின் முழங்கையைத் தட்டினேன்.

"அது என்னன்னு பாரு."

அவள் கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பார்த்தாள். "நம்ம பெருச்சாளியாக்கும். கொஞ்சம் மெலிஞ்சு போச்சு. தலையில தொப்பி வேற வச்சி விட்டிருக்கானுவ."

"கடைசியில பேரு வரும். யாரு பேருன்னு வாசி."

பேர் வந்தது. 'பாத்திரப் படைப்பு' என்ற வரிக்குக் கீழே இருந்த பெயரை அவள் வாசித்தாள். அது என் பெயர் இல்லை. இங்குள்ள தொலைக்காட்சி நிலையத்தில் முன்பு தயாரிப்பாளராக இருந்து, இறந்து பன்னிரண்டு வருடமான ஒருவருடைய பெயர். வாழ்நாளில் ஒரு கோடு நேராகப் போடாத மனிதர். அந்தப் பெருச்சாளியை 7,316 தடவை வரைந்தவன் நான். அந்த வரியில் இருக்கும் பெயரை மாற்றாமல் விடுவதில்லை என்று அந்த நாற்காலியிலேயே முடிவு செய்தேன். அந்தக் கோபத்தில் நாற்பத்தேழாம் நம்பரைக் கூப்பிட்டது காதில் விழவில்லை.

பெருச்சாளியைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் ஆரியசாலையில், இந்த மலையாள ஊரில் தமிழர்கள் மொத்தக் கடை வைத்த தெருவில், கற்றது. அப்பாவுக்கு அங்கே கருப்பட்டியும் வெல்லமும் மொத்த வியாபாரம். லாரி வந்தால் இறங்கும் மூட்டைகளுக்குக் கோடு போடுவது என் வேலை. நாலு கோடு நிற்கும், ஐந்தாவது குறுக்கே படுக்கும். ஒரு லாரிக்கும் அடுத்த லாரிக்கும் நடுவில் செய்வதற்கு ஒன்றும் இருக்காது. பில் புத்தகத்தின் ஓரத்தில், தாளுக்கு ஒன்றாக, மூட்டையைக் கடிக்கும் பெருச்சாளியை வரைந்து வைத்தேன். கட்டை விரலால் புரட்டினால் அது கடித்து, விழுங்கி, வயிறு உப்பிப் போகும். ஐம்பது தாள். ஒரு நாள் கொல்லத்து வியாபாரி பில்லைச் சரிபார்க்க வாங்கியவர், "அண்ணாச்சி, உங்க கணக்கிலே எலி ஓடுதே!" என்று சத்தமாகச் சிரித்துவிட்டார். கடையிலே எலி என்று வெளியே பேச்சு போனால் வெல்லக் கடைக்கு அதைவிடக் கேடு இல்லை. அப்பா இரண்டு அறை அறைந்தார். பிறகு, நான் பார்க்கவில்லை என்று நினைத்து, அந்தப் புத்தகத்தை எடுத்து இன்னொரு தடவை புரட்டிப் பார்த்தார்.

கணக்கில் பட்டம் வாங்கினேன். கடை அண்ணனுக்குப் போயிற்று. நோய்த் தடுப்புப் பிரசாரத்துக்கென்று இருந்த ஓர் அரசு அலுவலகத்தில் ஓவியர் என்ற பதவியில் சேர்ந்தேன். கொசு, புழு, குடிநீர்க் கிணறு, கை கழுவும் தாய். இவற்றைச் சுவரொட்டியில் வரைய வேண்டும். எனக்கு முன்னால் அந்த நாற்காலியில் இருந்தவர் கொசுவுக்கு எட்டுக் கால் போட்டிருந்தார். அந்தச் சுவரொட்டி பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாக ஒன்பது வருடம் தொங்கியது. ஒருவர்கூட எண்ணவில்லை! நான் ஆறாக்கியபோது, "இதென்ன, கொசு நொண்டியா?" என்று கேட்டார் என் மேலதிகாரி.

எண்பதுகளின் நடுவில் ஊருக்குத் தொலைக்காட்சி நிலையம் வந்தது. எலிக்காய்ச்சலைப் பற்றி ஒரு நிமிடக் கார்ட்டூன் வேண்டும் என்று எங்கள் அலுவலகத்துக்குக் கடிதம் எழுதினார்கள். அந்தக் கடிதம் ஏழு மேசை தாண்டி என்னிடம் வந்து சேர்ந்தது. கார்ட்டூனுக்குக் கண்ணாடி போலத் தெளிந்த பிலிம் வேண்டும். ஒவ்வோர் அசைவுக்கும் ஒரு பிலிம். அதைப் பம்பாயிலிருந்து வரவழைக்க ஆகும் செலவை எழுதிக் கொடுத்தேன். கோப்பு போன வேகத்தில் திரும்பி வந்தது. அப்போதுதான் எக்ஸ்ரே பிலிம் நினைவுக்கு வந்தது. ஒரு மார்புநோய் மருத்துவமனையில் பழைய பிலிம்களை எடைக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள். 611 பிலிம் வாங்கினேன். காஸ்டிக் சோடா கலந்த நீரில் ஊறவைத்துத் தேய்த்தால் கருப்பு கரைந்து போய், இளநீலமான ஒரு தகடு மிஞ்சும். மேலே கோடு, பின்பக்கம் வண்ணம். படம் பிடித்து முடிந்ததும் சோப்புத் தண்ணீரில் படத்தைக் கழுவிவிட்டு, அதே பிலிமில் அடுத்த படத்தை வரைவேன். சராசரியாக ஒரு பிலிம் பன்னிரண்டு தடவை கழுவப்பட்டது. அதாவது, நான் வரைந்த படங்களை நானே அழித்தேன். நானே என்று எழுதுகிறேன். வீட்டு முற்றத்தில் தொட்டி வைத்துத் தேய்த்தது மனைவி.

அந்த வரிகள் வந்த கதையையும் சொல்லிவிடுகிறேன். மறுநாள் காலை படப்பிடிப்பு. மதியம் மழை. காஸ்டிக் பட்டு அவள் விரல்கள் தோலுரிந்திருந்தன. கை கால் வேறு பிலிம்களில் மாற, அசையாமல் நிற்கும் பெருச்சாளியின் உடம்பு வரைய வேண்டிய முக்கியமான பிலிமை அவள் நேரத்துக்கு முன்பே தொட்டியிலிருந்து எடுத்துவிட்டாள். நான் அதைக் கவனிக்காமல் வரைந்து, வண்ணமும் பூசிவிட்டேன். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தபோதுதான் தெரிந்தது, தொந்திக்குக் குறுக்கே ஐந்து சாம்பல் பட்டை. யாரோ ஒரு காசநோயாளியின் விலா எலும்புகளுக்கு இடையிலிருந்த கருப்பு. குதித்தேன். அதைக் கிழிக்கக்கூடப் போனேன்.

"கிடக்கட்டும்," என்றாள் அவள். "பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்க காலுறை மாதிரி நல்லாத்தான் இருக்கு. நாளைக்குப் படம் எடுக்கணும்னு சொன்னியள்லா? இனி யாரு கழுவுகது?"

வேறு வழியில்லாமல் அப்படியே எடுத்தோம். ஒளிபரப்பானதும் பிள்ளைகளுக்கு அந்த வரிப் பெருச்சாளிதான் வேண்டுமாம். கடிதமாக வந்து குவிந்தது. எங்கள் அலுவலகத்திலிருந்து எனக்கும் ஒரு கடிதம் வந்தது: நோய் பரப்பும் பிராணியை விரும்பத்தக்கதாகக் காட்டியதற்கு ஏழு நாளுக்குள் விளக்கம் தரவும். கொடுத்தேன், நாலு பக்கம்.

பிறகு தொடர். மூன்று மூன்று நிமிடமாக இருபத்திரண்டு பகுதி. அரசு ஊழியன் வெளிவேலை செய்ய அனுமதி வேண்டும். விண்ணப்பித்தேன். தயாரிப்பாளர் வெற்றிலை போட்ட வாயோடு சிரித்தார். "அனுமதி வர்றதுக்குள்ள பெருச்சாளி கிழவனாயிடும் அண்ணாச்சி. வீட்டுக்காரி பேர்ல எழுதலாம். எல்லாரும் அப்படித்தான்." என்னை அவர் அண்ணாச்சி என்று கூப்பிட்டது மரியாதையில் இல்லை. ஆரியசாலையில் பிறந்தவனைத் தெற்கிலிருந்து நேற்று பஸ் ஏறி வந்தவன் மாதிரி கூப்பிடும் குரல் அது. ஆனால் அவர் சொன்னதில் பொய் இல்லை. எங்கள் அலுவலகத்தில் மனைவி பெயரில் டைப்ரைட்டிங் பள்ளி நடத்தியவர் உண்டு, மனைவி பெயரில் கதை எழுதியவரும் உண்டு. அப்படியாக இருபத்திரண்டு ஒப்பந்தச் சீட்டிலும் 'கலைஞர்' என்ற இடத்தில் என் மனைவியின் பெயர் ஏறியது. டைட்டில் அட்டையில் அந்தப் பெயரும் வரவில்லை; தயாரிப்பாளர் தன் பெயரை மட்டும் போடச் சொன்னார். ஒவ்வொரு பகுதிக்கும் புதிய அட்டை. இருபத்திரண்டு தடவை, என் கையால், நல்ல தடித்த எழுத்தில், அந்த மனிதரின் பெயரை எழுதிக் கொடுத்தேன். எனக்கு அனுமதி வந்தபோது தொடர் முடிந்து மூன்று மாதமாகியிருந்தது.

நிலையத்தில் இருந்த பிலிம் சுருள்கள் பூஞ்சை பிடித்துப் போயின. டேப்புகளின் மேல் வேறு நிகழ்ச்சி பதிந்துவிட்டார்கள். நான் ஓய்வு பெற்றேன். பெருச்சாளி செத்துவிட்டது என்றுதான் நினைத்திருந்தேன்.

கண் மருத்துவமனையிலிருந்து வந்த மறுநாள் விசாரித்தேன். புதிய பெருச்சாளியைத் தயாரிப்பது ஊருக்கு வெளியே கழக்கூட்டத்தில் உள்ள ஓர் அனிமேஷன் கம்பெனி. பதினொரு தடவை போன் செய்தேன். ஒன்பது தடவை பாட்டுக் கேட்டேன். பன்னிரண்டாவது தடவை வெள்ளிக்கிழமை மூன்று மணிக்கு வரச் சொன்னார்கள். மனைவியும் வந்தாள். துணிப்பையில் ஒரு பழைய கோப்பு வைத்திருந்தேன். வாசலில் மூன்று புத்தகத்தில் பெயர் எழுதி, போட்டோ எடுத்து, கழுத்தில் அட்டை மாட்டி உள்ளே விட்டார்கள். அட்டையில் 'விருந்தினர்' என்று இருந்தது. விருந்தினருக்கு ஐம்பது நிமிடம் யாரும் தண்ணீர் தரவில்லை.

கடைசியில் வந்தவள் முப்பது வயதுப் பெண், அந்தத் தொடரின் மேனேஜர். பாறசாலைப் பக்கத்துத் தமிழ் வீட்டுப் பெண்ணாம். மலையாளத்தில் ஆரம்பித்து, எங்களைப் பார்த்ததும் தமிழுக்கு மாறினாள். கூடவே தாடி வைத்த ஒரு டிசைனர்.

"அங்கிள், நாங்க இத சும்மா எடுக்கல்லை. அந்த சாரோட மகன்கிட்ட இருந்து ரைட்ஸ் வாங்கியிருக்கு. அச்சன் படைச்சதுன்னு லெட்டர் தந்திருக்காரு. பின்னே நாங்க எந்து செய்யும்?"

"அவரு அப்பன் பெருச்சாளியைப் பார்த்தா நாற்காலி மேல ஏறுவாரு. வரைஞ்சது நான்."

"ஒரிஜினல் டிராயிங் ஏதாவது உண்டா?"

"கழுவியாச்சு."

"கழுவியா?"

டிசைனர் சிரிப்பை அடக்கத் தாடியைத் தடவினான். எனக்குத் தலைக்கு ஏறியது. காகிதம் கேட்டு வாங்கி, அங்கேயே பெருச்சாளியைப் போட்டுக் காட்டினேன். எழுபத்துநாலு வயதில் பதினெட்டுக் கோட்டில் போட்டேன். அவன் பார்த்துவிட்டு, "சூப்பர் அங்கிள். பட்சே டிவியில பார்த்த யாரும் வரையலாமே," என்றான்.

"பழைய படம் உங்ககிட்ட இருக்கா? இல்லாம எப்படிக் காப்பியடிச்சீங்க?"

காப்பி என்ற சொல் அவர்களுக்குப் பிடிக்கவில்லை. ஆனால் இருந்தது. யாரோ வீட்டில் பதிந்து வைத்திருந்த ஒரு கேசட்டிலிருந்து நாற்பது விநாடி. கம்ப்யூட்டரில் ஓடவிட்டார்கள். கோடுகோடாக இழுத்துக்கொண்டு, நீலம் பாரித்து, என் பெருச்சாளி வந்தது. அந்த நீலம் நான் பூசியது அல்ல, எக்ஸ்ரே பிலிமின் நீலம். மனைவி கம்ப்யூட்டர் பக்கம் குனிந்துகொண்டாள்.

"நிறுத்து," என்றேன். "வயித்துல இருக்கிற இந்த வரி என்ன?"

"அது கேரக்டரோட ஐடென்டிட்டி ஆணு," என்றான் டிசைனர். "ட்ரைபல் பேட்டர்ன். ரொம்ப யோசிச்சு வச்சிருக்காரு அந்த சார்."

"யோசிச்சாரா? நல்லாப் பாரு. மூணாவது வரி எங்கே முடியுது?"

படத்தைப் பெரிதாக்கினான். மூன்றாவது வரி தொந்தியின் கோட்டோடு நிற்காமல், அதைத் தாண்டி, வெறும் வானத்தில் ஒரு விரலளவு போயிருந்தது. நான்காவதும் அப்படியே. பெருச்சாளி கையை ஆட்டும்போதும் அந்த நீட்டம் அசையாமல் நின்றது.

"வானத்துல எதுக்குப் பேட்டர்ன்?" என்றேன்.

அவன் படத்தை இன்னும் பெரிதாக்கினான். நான் எக்ஸ்ரே பிலிமைப் பற்றிச் சொன்னேன். விலா எலும்பைப் பற்றிச் சொன்னேன். அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டாள். "தெய்வமே. அப்போ பிள்ளைகளோட டிபன் பாக்ஸ்ல நாங்க போட்டிருக்கிறது ஒரு ஆளோட நெஞ்சா?"

"ஆமா."

"அந்த வரியோட ஐடியா சூப்பரா இருக்கே அங்கிள். யாருக்குத் தோணிச்சு?"

"எனக்குத்தான்," என்றேன்.

இதை எழுதும்போதும் கை கொஞ்சம் நிற்கிறது. அன்று நிற்கவில்லை. ஒரு நொடியில் சொல்லிவிட்டேன். மனைவி கம்ப்யூட்டரிலிருந்து முகத்தை எடுத்து என்னைப் பார்த்தாள்.

"என்னத்துக்குப் பொய் சொல்லுகியோ? கிழிக்கப் போனியளே." அந்தப் பெண்ணிடம் திரும்பி, "கை எரிச்சல் தாங்க முடியாம நான் பாதியில எடுத்துட்டேன் மக்களே. இவுக அன்னைக்கு ஆடின ஆட்டம் இருக்கே! ராத்திரிச் சாப்பாடு வேண்டாம்னு படுத்தாச்சு. பொறவு எந்திரிச்சு நாலு தோசை தின்னாரு."

மூன்று தோசை. ஆனால் அதை அங்கே சொல்லி வாதாட முடியாது.

"இதெல்லாம் கேட்க நல்லா இருக்கு," என்றாள் அந்தப் பெண். "லீகல்ல கேக்கிறது பேப்பர். எந்தெங்கிலும், ஏதாவது ஒரு பேப்பர்?"

பேப்பர் இருந்தது. பையில் இருந்தது, அந்த இருபத்திரண்டு சீட்டு. நான் எதையும் தூக்கிப் போடுகிறவன் இல்லை. வரும் வழியெல்லாம் அதை எடுக்க வேண்டி வராது என்றே நினைத்துக்கொண்டு வந்தேன். கோட்டைப் பார்த்தாலே தெரியாதா, வரையும் கையைப் பார்த்தாலே தெரியாதா என்று. எடுக்காமல் எழுந்து வந்தால் அந்தத் தயாரிப்பாளர் பெயர் அங்கேயே இருக்கும். எடுத்தால் அவர் பெயர் போகும், என் பெயர் வராது. கோப்பை மேசையில் வைத்தேன்.

அவள் ஒவ்வொன்றாகப் புரட்டினாள். நிலையத்தின் முத்திரை, தொடரின் பெயர், கலைஞரின் பெயர். "இது ஆரு?"

"இவ."

"அப்போ ஆன்ட்டியாணு கிரியேட்டர்!" அவள் எழுந்து வந்து மனைவியின் கையைக் குலுக்கினாள். ஐந்து நிமிடத்தில் தண்ணீர் வந்தது, டீ வந்தது, ஆறு பிஸ்கட் வந்தது. டிசைனர் என் மனைவியோடு படம் எடுத்துக்கொண்டான். நான் மேசைக்கு இந்தப் பக்கம், வரைந்த காகிதத்தோடு உட்கார்ந்திருந்தேன்.

என் பெயரும் வர வேண்டுமானால், சீட்டில் உள்ளது பெயருக்கு மட்டும், உண்மையில் வரைந்தது கணவர் என்று முத்திரைத்தாளில் இருவரும் எழுதித் தர வேண்டும் என்று சொல்லி அனுப்பினார்கள். திங்கட்கிழமை வஞ்சியூரில் ஒரு வக்கீலிடம் போனோம். அவர் சீட்டுகளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"சார், நான் எழுதித் தரலாம். எழுதறதுக்கு எனக்கென்ன? அரசாங்க வேலையில இருந்துகிட்டு, அனுமதி இல்லாம, பொண்டாட்டி பேர்ல காசு வாங்கினேன்னு சாரே சொந்தக் கையால எழுதி ஒப்பு வைக்கணும். பென்ஷன் வாங்குகிற ஆளில்லையோ?"

"முப்பத்தஞ்சு வருஷத்துக்கு மேல ஆச்சே."

"ஒண்ணும் ஆகாதுன்னுதான் எனக்கும் தோணுது. ஆகும்னா என்னைக் குத்தம் சொல்லக் கூடாது."

தோன்றுகிறதாம்! தோன்றுவதற்கு எதற்கு ஒரு வக்கீல்? வெளியே வராந்தாவில் பதினேழு அடி நடந்தேன், திரும்பிப் பதினேழு அடி நடந்தேன். என் அலுவலகத்தில் என்னைவிடப் பெரிய காரியமெல்லாம் செய்தவர்கள் பெயரோடும் பென்ஷனோடும் இருக்கிறார்கள். கொசுவுக்கு எட்டுக் கால் போட்டவருக்கு இரண்டு வருடம் முன்பு பொன்னாடை போர்த்தினார்கள்.

"நான்தான் வரைஞ்சேன்னு உனக்குத் தெரியும்லா?" என்று மனைவியிடம் கேட்டேன்.

"தெரியாம பின்ன? அந்த ஆளு பேர எடுக்கணும்னுதானே இவ்வளவு ஓட்டமும்? எடுத்தாச்சு. இனி உங்க பேரு வேணும்னா எழுதுங்க, நான் ஒப்பு வைக்கேன். மாசா மாசம் மாத்திரை வாங்குகதுக்கு மட்டும் பெருச்சாளிகிட்ட கேட்டுக்கிடுங்க."

எழுதவில்லை. சீட்டில் உள்ள கலைஞர் அவள்தான் என்று அவள் மட்டும் உறுதிமொழி கொடுத்தாள். சத்தியமாகப் பார்த்தால் அதில் ஒரு சொல்லும் தவறு இல்லை, ஒரு சொல்லும் முழுமையும் இல்லை. அதைக் கொடுக்க மறுபடி கழக்கூட்டம். ஒரு கையெழுத்து விட்டுப்போயிற்று என்று இன்னொரு தடவை கழக்கூட்டம், கொட்டுகிற மழையில், பஸ் வராமல் ஆட்டோவில்.

ஓணத்துக்கு முந்தின வாரம் பெயர் மாறி வந்தது. 'பாத்திரப் படைப்பு' என்பதன் கீழே என் மனைவியின் பெயர். மொத்தம் நாற்பத்தோரு பெயரில் முப்பத்தெட்டாவது. அது திரையில் நின்றது ஒன்றரை விநாடி. அதற்குள்ளும் சேனல்காரன் படத்தை மூலைக்குச் சுருக்கிவிட்டு நகைக்கடை விளம்பரம் போட்டுவிட்டான். என் கணக்கில் ஒன்றரை விநாடிக்குப் பதினெட்டுப் படம் வரைய வேண்டும். மனைவி நாற்காலியை டிவிக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டு, எழுத்து ரொம்பச் சின்னது என்றாள். மறுநாளும் அதே நேரத்துக்கு அங்கே உட்கார்ந்தாள். அதற்கு அடுத்த நாளும்.

எனக்கு ஆத்திரம் தீரவில்லை, தீராது. பஸ், ஆட்டோ, முத்திரைத்தாள், வக்கீல், நகல் எல்லாம் சேர்த்து இதற்காக என் கையிலிருந்து போனது இரண்டாயிரத்து எழுநூற்று இருபத்துநான்கு ரூபாய்.